கைமாற்றும் கை மாறுதலும்
(காசு கொடுத்து வாங்கிய கணினி விளையாட்டை இன்னொருவர் கணக்குக்கு மாற்ற முடியுமா?)

இரண்டாம் ஆண்டு, கணினிப் பொறியியல் பட்டயப் படிப்பு



நம் பேச்சில் கைமாற்று என்றொரு சொல் உண்டு. "ஐநூறு ரூபா கைமாத்தா குடு, சம்பளம் வந்ததும் தர்றேன்" என்றால் அது கடன். பத்திரம் கிடையாது, வட்டி கிடையாது, கொடுத்தது திரும்பி வரும். ஆனால் "அந்த வண்டி கை மாறிடுச்சு" என்றால் விஷயம் வேறு. வண்டி இனி பழைய ஆளுடையது இல்லை. ஆர்.சி. புத்தகத்திலும் பெயர் மாறியாக வேண்டும். ஒன்று இரவல், மற்றது உரிமை மாற்றம். கணினி விளையாட்டைப் பற்றி நம் வகுப்பில் நடக்கும் பாதிச் சண்டை இந்த இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்புவதால்தான் வருகிறது என்பது என் கருத்து.

நாம் எல்லோரும் பழைய பொருளில் வளர்ந்தவர்கள். என் மினி டிராஃப்டர் எனக்கு முன் இரண்டு சீனியர்கள் வைத்திருந்தது. கணிதப் புத்தகத்தின் முதல் பக்கத்தில் நான்கு பெயர்கள் இருக்கின்றன. மூன்றின் மேல் கோடு, நான்காவது நான். நம் ஊரில் இதற்கென்று பெரிய பெரிய இடங்களே இருந்தன. சென்ட்ரல் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் இருந்த மூர் மார்க்கெட் 1985 மே மாதம் தீப்பிடித்து எரிந்து போகும் வரை, பழைய புத்தகம் என்றால் அங்கேதான். கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிரே பர்மா பஜார் 1969-இல், பர்மாவிலிருந்து திரும்பி வந்த நம் மக்களின் பிழைப்புக்காக ஏற்பட்டது. டி.வி.யில் செருகி ஆடும் கேசட், பிறகு சி.டி., பிறகு பிளேஸ்டேஷன் டிஸ்க் என்று கை மாறி வந்த விளையாட்டுகளை ராயபுரம், தண்டையார்பேட்டைப் பையன்கள் பல வருடம் அங்கே பார்த்திருக்கிறார்கள். ஒரு டிஸ்க்கை ஆடி முடித்து, அதைக் கொடுத்துவிட்டு மேலே கொஞ்சம் காசு போட்டு வேறு டிஸ்க் வாங்கலாம். கடைக்காரருக்கும் லாபம், நமக்கும் லாபம்.

இன்று விளையாட்டு டிஸ்க்கில் வருவது குறைந்துவிட்டது. ஸ்டீம் என்ற கடை 2003-இல் கணினியில் திறந்தது. 2015 நவம்பரிலிருந்து அங்கே ரூபாயிலேயே விலை போடுகிறார்கள். யு.பி.ஐ. மூலம் காசு போகிறது, விளையாட்டு நம் கணக்கில் வந்து உட்காருகிறது. ஆடி முடித்த பிறகு? அங்கேயே உட்கார்ந்திருக்கிறது. விற்க முடியாது, தம்பிக்குப் பெயர் மாற்றித் தர முடியாது. இது ஏன், எங்கே கொஞ்சம் வழி இருக்கிறது என்பதைச் சற்று விளக்கமாகப் பார்ப்போம்.

பெட்டி வேறு, காகிதம் வேறு

முதலில் ஒரு விஷயத்தைப் பிரித்துக்கொள்ள வேண்டும். விளையாட்டின் கோப்புகள் ஒன்று. அதை ஆடும் உரிமை இன்னொன்று.

துறைமுகப் பக்கத்து நண்பர்களுக்கு இதை விளக்கப் புத்தகம் தேவையில்லை. என் அப்பா கன்டெய்னர் டிரெய்லர் ஓட்டுகிறார். எண்ணூர் நெடுஞ்சாலையில் வரிசையாக நிற்கும் வண்டிகளில் அவர் வண்டியும் ஒன்றாக இருக்கும். பெட்டி யார்டில் கண்ணெதிரே இருக்கும், கிரேன் இருக்கும், வண்டியும் இருக்கும். ஆனாலும் டி.ஓ. வரும் வரை பெட்டி அசையாது. டி.ஓ. என்பது டெலிவரி ஆர்டர். சரக்குக்கு உரியவர் பில் ஆஃப் லேடிங் என்ற காகிதத்தைக் கப்பல் ஏஜெண்டிடம் ஒப்படைத்து, பாக்கியைக் கட்டினால்தான் அதைத் தருவார்கள். அதாவது பல டன் எடையுள்ள பெட்டிக்கு யார் சொந்தக்காரர் என்பதை ஒரு தாள் முடிவு செய்கிறது.

அந்தத் தாளிலும் இரண்டு வகை உண்டு. ஒன்றில் 'இன்னார் அல்லது இன்னார் சொல்லுகிறவர்' என்று எழுதியிருக்கும். அதன் பின்பக்கம் கையெழுத்துப் போட்டு இன்னொருவரிடம் கொடுத்தால், கப்பல் நடுக்கடலில் இருக்கும்போதே சரக்கு கை மாறிவிடும். இன்னொரு வகையில் ஒரே ஒரு பெயர்தான். அந்த ஆள் மட்டும்தான் எடுக்கலாம், கையெழுத்துப் போட்டு வேறொருவருக்கு மாற்ற முடியாது. நம் நாட்டில் இதற்கு 1856-ஆம் வருடத்திலேயே சட்டம் இருந்தது. 2025-இல் அதன் இடத்தில் புதிய சட்டம் வந்தது.

நீங்கள் ஸ்டீமில் வாங்கும் விளையாட்டு இந்த இரண்டாவது வகைத் தாள். கோப்புகள் உங்கள் ஹார்ட் டிஸ்க்கில் பெட்டி போலக் கிடக்கும். கம்பெனியின் சர்வரில் உங்கள் கணக்கின் பெயருக்கு எதிரே 'இந்த விளையாட்டு உண்டு' என்று ஒரு வரி இருக்கும். விளையாட்டைத் திறக்கும்போது மென்பொருள் அந்த வரியைக் கேட்டுப் பார்க்கிறது. இருந்தால் திறக்கும், இல்லையென்றால் 'வாங்கு' என்ற பட்டன்தான் வரும். இணையம் இல்லாமல் ஆடும்போதுகூட, முன்பு வாங்கி வைத்த அனுமதிச் சீட்டுதான் வேலை செய்கிறது.

இதில் நமக்கு உடனே பயன்படுகிற ஒரு செய்தி இருக்கிறது. கோப்புகளை எடுத்துப் போவதற்குத் தடையில்லை. ஒரு விளையாட்டு 60 ஜி.பி. என்று வைத்துக்கொள்வோம். ஒரு நாளைக்கு 2 ஜி.பி. தரும் மொபைல் டேட்டாவில் அதை இறக்க 30 நாள் ஆகும், அதுவும் வாட்ஸ்அப்பைத் தொடாமல் இருந்தால். ஃபைபர் இணைப்பு உள்ள நண்பன் வீட்டில் அதே விளையாட்டு இருந்தால், ஸ்டீமின் பேக்கப் வசதியில் ஹார்ட் டிஸ்க்கில் எடுத்து வரலாம். அல்லது 2023 பிப்ரவரியில் வந்த வசதிப்படி, ஒரே வைஃபையில் இரண்டு கணினிகளை வைத்து நேராகவே ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு அனுப்பலாம். பெட்டி வந்து சேர்ந்துவிடும். ஆடுவதற்கான காகிதம் உங்கள் பெயரில் தனியாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். 'கிராக்' போட்டுப் பூட்டை உடைக்கலாமே என்பவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். நம் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்த்த 65-ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைப்பவருக்கு இரண்டு வருடம் வரை சிறை என்கிறது. அதைவிட, அந்தக் கிராக் கோப்போடு என்னென்ன வைரஸ் சேர்ந்து வரும் என்பது நம் லேப்பில் பென் டிரைவ் செருகும் எல்லோருக்கும் தெரிந்ததே.

ஒரு டாலர் நாவலும் பழைய ஆட்டோகேடும்

வாங்கியவன் விற்கலாமா என்ற கேள்வி கணினிக்கு முந்தியது. 1900-களில் அமெரிக்காவில் பாப்ஸ்-மெரில் என்ற பதிப்பகம் ஒரு நாவலை வெளியிட்டது. இதை ஒரு டாலருக்குக் குறைத்து விற்கக் கூடாது, விற்றால் பதிப்புரிமையை மீறியதாகும் என்று உள்ளேயே அச்சடித்தது. நியூயார்க்கில் மேசிஸ் என்ற பெரிய கடை அதை 89 செண்டுக்கு விற்றது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 1908-இல் தீர்ப்பு: நீங்கள் ஒருமுறை விற்றுக் காசு வாங்கிவிட்டீர்கள், அதற்குப் பிறகு அந்தப் பிரதி என்ன விலைக்குப் போகிறது என்பது உங்கள் கையில் இல்லை. முதல் விற்பனைக் கோட்பாடு என்று சொல்கிறார்களே, அது இதுதான்.

நம் சட்டத்திலும் இதன் சாயல் உண்டு. 1957-ஆம் வருடப் பதிப்புரிமைச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு, புத்தகப் பிரதிகளை மக்களுக்கு வெளியிடும் உரிமையை ஆசிரியருக்குக் கொடுக்கிறது. ஆனால் ஏற்கெனவே புழக்கத்தில் உள்ள பிரதிகளை அதிலிருந்து விலக்கி வைத்திருக்கிறது. என் கணிதப் புத்தகத்தில் நான்கு பெயர் இருப்பது குற்றம் இல்லை என்பதற்கு ஆதாரம் அந்தச் சில சொற்கள்தான். கணினி மென்பொருளுக்கு 1994-இல் கடுமையாக எழுதினார்கள். முன்பே விற்ற பிரதியானாலும் மறுபடி விற்கும் உரிமை உரிமையாளருக்கே என்று இருந்தது. 1999 திருத்தத்தில் அந்தச் சொற்களை எடுத்துவிட்டார்கள். 2021 மார்ச் 2 அன்று நம் உச்ச நீதிமன்றம் 'எஞ்சினியரிங் அனாலிசிஸ் சென்டர்' வழக்கில் இதையும் எடுத்துப் பேசியது. மென்பொருளின் பிரதி வேறு, பதிப்புரிமை வேறு என்றது. அது வருமான வரி வழக்கு. அதற்கு முன் 2004-இல் டாடா கன்சல்டன்சி வழக்கில், சி.டி. போன்ற பொருளில் பதிந்து விற்கும் மென்பொருள் 'சரக்கு'தான் என்று சொன்னதும் விற்பனை வரிக்காக. வரி வாங்கும்போது அது சரக்கு என்று சொல்லிவிட்டார்கள். நாம் விற்கப் போகும்போதும் அது சரக்காக இருக்க வேண்டும் என்று கேட்பது நியாயம் என்றே எனக்குப் படுகிறது.

அப்படியென்றால் தடை எங்கே? 'விற்பனை' என்ற சொல்லிலேயே. கம்பெனிகள், நாங்கள் விற்கவே இல்லை, பயன்படுத்த அனுமதிதான் கொடுத்தோம் என்கின்றன. இதில் நம் சிவில், மெக்கானிக்கல் நண்பர்களுக்கு நன்றாகப் புரியும் வழக்கு ஒன்று உண்டு. டிமதி வெர்னர் என்பவர் அமெரிக்காவில் பழைய பொருள் வாங்கி ஈபே தளத்தில் விற்றுப் பிழைத்தவர். ஒரு கட்டடக்கலை அலுவலகம் கழித்துப் போட்ட பழைய ஆட்டோகேட் 14-ஆம் பதிப்பு டிஸ்க்குகளை வாங்கி விற்றார். நகல் எடுக்கவில்லை, அசல்தான். ஆட்டோடெஸ்க் கம்பெனி தடுத்தது. 2010 செப்டம்பரில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் கம்பெனி பக்கம் நின்றது. அந்த அலுவலகமே சொந்தக்காரர் இல்லை, அனுமதி பெற்றவர் மட்டுமே, ஆகவே அதனிடம் வாங்கிய வெர்னரும் சொந்தக்காரர் இல்லை என்று சொல்லிவிட்டது. 1908-இல் நாவலின் உள்ளே அச்சடித்தபோது செல்லாமல் போன நிபந்தனை, 2010-இல் ஒப்பந்தம் என்ற பெயரில் செல்லுபடியானது. 'ஒப்புக்கொள்கிறேன்' என்று நாம் படிக்காமல் அழுத்துகிறோமே, அந்தப் பட்டனுக்கு இவ்வளவு பலம்.

ஐரோப்பாவில் கொஞ்ச காலம் காற்று வேறு பக்கம் அடித்தது. 2012 ஜூலை 3 அன்று யூஸ்ட்சாஃப்ட் வழக்கில் ஐரோப்பிய நீதிமன்றம், இணையத்தில் இறக்கிய மென்பொருளானாலும் காலவரம்பில்லாமல் காசு வாங்கிக் கொடுத்தால் அது விற்பனைதான், வாங்கியவர் தன் பிரதியை அழித்துவிட்டு மறுபடி விற்கலாம் என்றது. இதை நம்பி பிரான்சில் யூ.எஃப்.சி. க்யூ ஷுவாசிர் என்ற நுகர்வோர் சங்கம் 2015-இல் ஸ்டீமின் கம்பெனியான வால்வ் மீது வழக்குப் போட்டது. 2019 செப்டம்பர் 17-இல் பாரிஸ் நீதிமன்றம் சங்கம் சொன்னதுதான் சரி, விளையாட்டை மறுபடி விற்கலாம் என்று தீர்ப்பளித்தது. அந்த மகிழ்ச்சி நிலைக்கவில்லை. 2022 அக்டோபர் 21-இல் மேல்முறையீட்டில் தீர்ப்பு தலைகீழானது. 2024 அக்டோபர் 23-இல் பிரான்சின் உச்ச நீதிமன்றமும் கம்பெனி பக்கமே முடித்து வைத்தது. காரணம் இரண்டு. விளையாட்டு என்பது வெறும் மென்பொருள் இல்லை, படம், இசை, கதை எல்லாம் சேர்ந்த படைப்பு. இரண்டாவது, டிஜிட்டல் பிரதி தேயாது. பழைய புத்தகத்தில் பக்கம் கிழியும், டிஸ்க்கில் கீறல் விழும். இதுவோ பத்து கை மாறினாலும் புதுசாகவே இருக்கும், பிறகு புதுசை யார் வாங்குவார்கள்?

இரண்டாவது காரணத்தில் உண்மை இருக்கிறது, அதை மறுக்க மாட்டேன். விளையாட்டை எழுதுகிறவனும் நம்மைப் போல ஒரு புரோகிராமர்தான், அவன் வீட்டிலும் உலை கொதிக்க வேண்டும். ஆனால் பழசாகாத பொருளைப் புதுசின் விலைக்கு வாங்கினேன்; வாங்கிய பிறகு அதன் மதிப்பு எனக்கு மட்டும் சுழி. இந்தக் கணக்கு எனக்கு ஒப்பவில்லை. கை மாறும் சந்தை என்பது காசு குறைவாக உள்ளவன் உள்ளே நுழையும் வாசல். நம் வீடுகளில் முதல் சைக்கிள், முதல் டி.வி., முதல் கணினி எல்லாம் அந்த வாசல் வழியாகத்தான் வந்தன.

முடியாததா, விடாததா?

'டெக்னிக்கலா அது முடியாதுடா' என்று சிலர் சொல்வார்கள். தரவுத்தளம் படிக்கும் நமக்கு அது எடுபடாது. ஒரு அட்டவணையில் ஒரு வரியில் கணக்கு எண்ணை மாற்றுவது எவ்வளவு பெரிய வேலை? செய்யவும் பார்த்தார்கள். 2013 ஜூன் மாதம் எக்ஸ்பாக்ஸ் ஒன் வருவதற்கு முன் மைக்ரோசாஃப்ட் ஒரு திட்டம் அறிவித்தது. டிஸ்க்கில் வாங்கினாலும் விளையாட்டு கணக்கோடு ஒட்டிக்கொள்ளும். 24 மணி நேரத்துக்கு ஒருமுறை இணையத்தில் சரிபார்க்க வேண்டும். அதே திட்டத்தில், பட்டியலில் 30 நாளாவது நண்பராக இருந்தவருக்கு ஒரு விளையாட்டை ஒரே ஒருமுறை அப்படியே கொடுத்துவிடலாம் என்றும், குடும்பத்தில் பத்துப் பேர் வரை பகிரலாம் என்றும் இருந்தது. மக்கள் 24 மணி நேரச் சோதனையைப் பார்த்துக் கொதித்துப் போனார்கள். அந்தச் சமயம் சோனி கம்பெனி, பிளேஸ்டேஷன் 4 விளையாட்டை எப்படிப் பகிர்வது என்று சில விநாடி வீடியோ ஒன்று போட்டது: ஒருவர் டிஸ்க்கை இன்னொருவர் கையில் கொடுக்கிறார், முடிந்தது! ஜூன் 19-இல் மைக்ரோசாஃப்ட் பின்வாங்கியது. சோதனை போனது. அதோடு அந்தப் பத்துப் பேர் பகிர்வும், நண்பருக்குக் கொடுக்கும் வசதியும் போயின. பழத்தில் பூச்சி என்று மரத்தையே வெட்டிய கதைதான்.

பன்னிரண்டு வருடம் கழித்து, 2025 ஏப்ரல் இறுதியில், நிண்டெண்டோ தன் ஸ்விட்ச் கருவியில் 'விர்ச்சுவல் கேம் கார்டு' என்று கொண்டு வந்தது. இணையத்தில் வாங்கிய விளையாட்டும் ஒரு அட்டை போலத் திரையில் தெரியும். குடும்பக் குழுவில் ஒருவருக்கு இரண்டு வாரம் இரவல் கொடுக்கலாம். அவரிடம் இருக்கும்போது நீங்கள் ஆட முடியாது. இரண்டு வாரம் ஆனால் தானாகத் திரும்பி வந்துவிடும். நம் ஊர் கைமாற்றைக் கணினியில் எழுதினால் இப்படித்தான் இருக்கும், திருப்பிக் கேட்கிற சங்கடம்கூட இல்லை! அதே ஆண்டு ஜூனில் வந்த ஸ்விட்ச் 2-இல் 'கேம் கீ கார்டு' என்ற அட்டையும் உண்டு. அதில் விளையாட்டு இருக்காது, திறவுகோல் மட்டும் இருக்கும். கோப்பை இணையத்தில் இறக்க வேண்டும். பலர் திட்டினார்கள். நான் பார்க்கிற கோணம் வேறு: அட்டை யார் கையில் இருக்கிறதோ அவர் ஆடலாம், அட்டையை விற்கலாம். துறைமுகத்துக் காகிதத்தில் கை மாறக்கூடிய வகையை இங்கே அட்டையாகச் செய்திருக்கிறார்கள். ஆக, இது முடியாத காரியம் இல்லை. விடாமல் வைத்திருக்கிறார்கள்.

இன்று நமக்குள்ள வழி

கணினியில் ஆடுபவர்களுக்கு 'ஸ்டீம் ஃபேமிலிஸ்' என்ற வசதியை நன்றாகத் தெரிந்துகொள்வது நல்லது. 2014-இல் வந்த பழைய பகிர்வில் ஒரு தொல்லை இருந்தது. அண்ணன் ஒரு விளையாட்டு ஆடிக்கொண்டிருந்தால், அவர் நூலகத்தில் உள்ள வேறு விளையாட்டைக்கூடத் தம்பி தொட முடியாது. 2024 செப்டம்பரில் எல்லோருக்கும் திறந்துவிட்ட புதிய முறையில் அது இல்லை. ஆறு பேர் வரை சேரலாம். எல்லோர் விளையாட்டும் ஒரே அலமாரியில் தெரியும். ஒரு பிரதியை ஒரு நேரத்தில் ஒருவர்தான் ஆட முடியும். ஆனால் வேறு வேறு விளையாட்டை எல்லோரும் ஒரே நேரத்தில் ஆடலாம். ஒரே விளையாட்டை இருவர் சேர்ந்து ஆட இரண்டு பிரதி வேண்டும். ஆட்டத்தில் எங்கே விட்டோம் என்ற சேமிப்பு அவரவர் கணக்கில் தனித்தனி, ஆகவே 'என் சேவை அழிச்சிட்டா' என்று தங்கையோடு சண்டை வராது. எங்கள் வீட்டில் ஒரே கணினி, அதுவும் கை மாறி வந்தது. அதில் இரண்டு கணக்கு போட்டிருக்கிறோம். காலாண்டுத் தேர்வு முடிந்த வாரத்தில் யார் எப்போது என்று அம்மா நேரம் போட்டுக் கொடுப்பார்.

நிபந்தனைகளும் உண்டு. ஒரே வீட்டில் இருப்பவர்களுக்குத்தான் இது என்று கம்பெனி சொல்கிறது. ஹாஸ்டல் நண்பர்கள் ஆறு பேர் சேர்ந்து குடும்பம் அமைக்க ஆசைப்படுவது எனக்குப் புரிகிறது, ஆனால் விதி அதற்கு எழுதப்படவில்லை. ஒருவர் வெளியேறினால், பழைய குடும்பத்தில் சேர்ந்த நாளிலிருந்து ஒரு வருடம் ஆன பிறகுதான் அவர் இன்னொரு குடும்பத்தில் சேர முடியும். அவர் விட்டுப்போன இடத்துக்கும் காத்திருப்புக் காலம் உண்டு. உங்கள் பிரதியில் ஆடும்போது தம்பி ஏமாற்று மென்பொருள் போட்டு மாட்டினால், அந்த விளையாட்டில் உங்களுக்கும் சேர்த்துத் தடை. எல்லா விளையாட்டும் பகிர்வில் வராது; தனியாக வேறு கம்பெனிக் கணக்கு கேட்பவை, தயாரித்தவர் வேண்டாம் என்றவை வராது. காசைச் சேர்த்துப் போட்டு வாங்கும் முன் அந்த விளையாட்டின் பக்கத்தில் 'குடும்பப் பகிர்வு' என்ற குறி இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

பரிசாகக் கொடுப்பதானால் வாங்கும்போதே நண்பரின் பெயருக்கு வாங்க வேண்டும். நம் கணக்கில் சேர்ந்த பிறகு கொடுக்க வழியில்லை. விளையாட்டு பிடிக்கவில்லை என்றால் விற்பதற்குப் பதிலாக ஒரே ஒரு கதவு உண்டு: வாங்கி 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக ஆடியிருந்தால் பணம் திரும்பக் கேட்கலாம்.

பிளேஸ்டேஷனில் ஒருவர் கணக்கை ஒரு கருவியில் 'பகிர்வு' என்று குறித்து வைக்கலாம். அந்தக் கருவியில் யார் உட்கார்ந்தாலும் அவர் வாங்கியவற்றை ஆடலாம். பி.எஸ். 5-இல் ஒரு கணக்குக்கு ஒரு கருவிதான். இரண்டு வீட்டுக்காரர்கள் இதை வைத்துக் காசு மிச்சம் பிடிப்பது உண்டு. ஆனால் நண்பன் கருவியில் உங்கள் கணக்கைத் திறந்து வைப்பது என்றால், அதோடு சேர்ந்த பணப்பையையும் திறந்து வைப்பதாகும்.

போனில் ஆடுவோர் கவனத்துக்கு

நம்மில் பெரும்பாலோர் ஆடுவது போனில்தான். அங்கே விளையாட்டு இலவசம். காசு போவது உள்ளே வாங்கும் சட்டை, துப்பாக்கித் தோல், யூ.சி. இவற்றுக்கு. கணக்கிலிருந்து கணக்குக்கு மாற்றுவதில் நம் நாட்டில் நடந்த பெரிய கதையும் போனில்தான் நடந்தது.

2020 செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு 118 செயலிகளுக்குத் தடை போட்டது. அதில் பப்ஜி மொபைலும் ஒன்று. அக்டோபர் 30-ஆம் தேதியோடு இந்தியாவில் சேவை நின்றது. வருடக்கணக்கில் சேர்த்த பதவியும் பொருளும் அந்தக் கணக்கில் அப்படியே மாட்டிக்கொண்டன. பிறகு 2021 ஜூலை 2 அன்று தென்கொரியாவின் கிராஃப்டன் கம்பெனி இந்தியாவுக்கென்று பி.ஜி.எம்.ஐ. என்ற தனி விளையாட்டை வெளியிட்டது. அப்போது பழைய கணக்கில் இருந்தவற்றைப் புதிய கணக்குக்கு மாற்றிக்கொள்ள வழி திறந்தார்கள். பழைய கணக்கு ஃபேஸ்புக் அல்லது ட்விட்டர் வழியாக நுழைந்ததாக இருக்க வேண்டும். தரவை அந்தக் கம்பெனியிடமிருந்து இந்தக் கம்பெனிக்கு மாற்றச் சம்மதம் என்று திரையில் அழுத்த வேண்டும். சில நிமிடத்தில் சட்டை, துப்பாக்கி எல்லாம் வந்து சேர்ந்தன. வெறும் கெஸ்ட் கணக்கில் ஆடியவனுக்கு ஒன்றும் வரவில்லை. பிறகு அந்த விளையாட்டே 2022 ஜூலை 28-இல் கடைகளிலிருந்து நீக்கப்பட்டு, 2023 மே மாதத்தில் திரும்பி வந்தது. ஒரு நாட்டின் ஆட்டக்காரர்கள் அத்தனை பேரின் பொருட்களை ஒரு கம்பெனியிடமிருந்து இன்னொன்றுக்கு மாற்ற முடிந்தது என்பதை இங்கே மறக்க வேண்டாம். அவர்களுக்குத் தேவைப்பட்டபோது வழி பிறந்தது.

வழி இல்லாத இடத்தில் ஆட்கள் கணக்கையே விற்கிறார்கள். எங்கள் தெருவில் ஓர் அண்ணன், வலை பின்னும் வேலை செய்பவர், இரண்டு வாரக் கூலியைக் கொடுத்து இணையத்தில் முகம் தெரியாத ஒருவரிடம் ஒரு கணக்கு வாங்கினார். கடவுச்சொல்லை மாற்றினார், போன் எண்ணை மாற்றினார், இனிமேல் நம்முடையதுதான் என்று நினைத்தார். பதினொன்றாம் நாள் கணக்கு திறக்கவில்லை. விற்றவன் ஆரம்பத்தில் கணக்கு திறந்த மின்னஞ்சலையும் பழைய ரசீதையும் காட்டி, 'என் கணக்கு திருடு போச்சு' என்று சொல்லி மீட்டுக்கொண்டான். அண்ணன் உதவிக்கு எழுதினார். வந்த பதில் ஒரே வரி: கணக்கு விற்பதும் வாங்குவதும் விதிப்படி தடை. புகார் கொடுக்கப் போனாலும், வாங்கினேன் என்று சொன்னவுடனே நம் பக்கம் வலுவிழந்து போகிறது. கம்பெனியின் பார்வையில் கணக்கின் சொந்தக்காரர் முதலில் திறந்தவர்தான், காசு கொடுத்தவர் இல்லை.

ஸ்டீமிலும் இதே விதிதான். 2024 மே மாதத்தில் ஒருவர், நான் இறந்த பிறகு உயிலில் எழுதி என் கணக்கை மாற்றலாமா என்று கேட்டார். முடியாது என்று உதவிப் பிரிவு பதில் சொன்னது செய்தியாகவே வந்தது. அதே வருடம் கலிஃபோர்னியா மாநிலத்தில் ஒரு சட்டம் போட்டார்கள். 2025 ஜனவரி 1 முதல், அனுமதி மட்டும் கொடுக்கும் கடை 'வாங்கு' என்று எழுதினால், இது உரிமை இல்லை, அனுமதிதான் என்பதையும் தெளிவாகச் சொல்ல வேண்டும். ஸ்டீம் அக்டோபர் மாதமே காசு கட்டும் பக்கத்தில் அப்படி ஒரு வரியைச் சேர்த்துவிட்டது. அடுத்த முறை யு.பி.ஐ. பின் நம்பர் போடுவதற்கு முன் அந்தப் பக்கத்தின் அடியில் பாருங்கள், சின்ன எழுத்தில் இருக்கும். பார்த்துவிட்டு, விளையாட்டு ஃபேஸ்புக், கூகுள் என்று எதன் வழியாக நுழைகிறதோ அந்த மின்னஞ்சல் உங்கள் பெயரில்தான் இருக்கிறதா என்பதையும் சரிபார்த்துக்கொள்ளுங்கள். பிரவுசிங் சென்டர் அண்ணன் பத்தாம் வகுப்பில் போட்டுக் கொடுத்த மின்னஞ்சல் என்றால் இந்த வாரமே மாற்றிவிடுங்கள்.